செந்நாயும் காட்டெருமைக் கன்றும்: நாலாவது காட்சி

என் அனிமேஷன் குறும்படத்தின் நாலாவது காட்சிக்கு ரஃப், அதாவது முதல் கோட்டு வரைவு, முடிந்துவிட்டது. கோத்தகிரிப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம், இரவு, மூடுபனி. கூட்டத்தைத் தவறவிட்ட செந்நாய் ஒன்று. தாயைப் பிரிந்த காட்டெருமைக் கன்று ஒன்று. மேட்டில் எங்கேயோ சிறுத்தை உறுமுகிறது. வசனம் கிடையாது.

சிறுத்தையை யோசித்துத்தான் வைத்தேன். செந்நாய்கள் கூட்டமாக வந்தால் சிறுத்தையையே மரத்தில் ஏற்றிவிடும். தனியாக மாட்டினால் செந்நாயின் உயிருக்கே ஆபத்து. ஆக, அந்த ராத்திரி இரண்டுக்கும் ஒரே பயம். ஆனாலும் மற்ற நாட்களில் இந்தக் கன்றே செந்நாய்க்கு இரை. பயம் ஒன்றாக இருப்பதாலேயே நம்பிக்கை வந்துவிடுமா?

ஸ்டோரிபோர்டில் (காட்சியைக் கட்டம் கட்டமாக வரைந்து வைக்கும் திட்டம்) முதலில் இரண்டும் மெல்ல நெருங்கி மூக்கை உரசிக்கொள்ளும். அழகாகத்தான் இருந்தது, ஆனால் அதில் கொஞ்சல்தான் தெரிந்தது. வீட்டுக்குக் கீழே தோட்டத்தில் மேய வரும் காட்டெருமைகளைப் பார்த்தபிறகு காட்சியையே மாற்றினேன். ஆள் நடமாட்டம் தெரிந்ததும் தலையைத் தூக்கி, இரண்டு காதையும் நம் பக்கமே திருப்பி நிற்கும். மென்றுகொண்டிருந்த வாய் அப்படியே நின்றுவிடும். கொழுந்து பறிக்கப் போகும் பக்கத்து வீட்டு அக்கா சொன்னார்: "மொறச்சுப் பாத்துக்கிட்டு நின்னா கிட்ட போயிராத தம்பி. படுத்து அசைபோட ஆரம்பிச்சாத்தான் அதுக்கு மனசு அடங்கிருச்சுன்னு அர்த்தம்."

இப்போது காட்சி முழுக்கக் காதும் தாடையும்தான். நொடிக்கு 24 பிரேம், இரண்டு பிரேமுக்கு ஒரு படம் என்று வரைகிறேன். காதுக்கு மட்டும் தனி லேயர், அதாவது உடலின் மேல் தனியாக வைத்து அசைக்கும் படஅடுக்கு. தொடக்கத்தில் கன்றின் இரண்டு காதும் செந்நாயின் மேல். உறுமல் கேட்டதும் ஒரு காது மேட்டுப் பக்கம் திரும்புகிறது, மற்றது அசையவில்லை. செந்நாய் முதுகைக் காட்டி மேட்டைப் பார்த்து உட்கார்கிறது. அப்புறம்தான் அந்த இரண்டாவது காதும் மெதுவாகத் திரும்புகிறது. எனக்கு இந்தக் காட்சியின் உயிரே அந்த ஒரு காதுதான்.

பிறகு கன்று முன்னங்கால்களை முதலில் மடக்கிப் படுக்கிறது. 2 நொடிக்கு விலாவில் மூச்சு மட்டும். தொண்டையில் ஒரு சின்னப் புடைப்பு கீழிருந்து மேலே ஏறுகிறது, அசைபோடத் தொடங்குகிறது. தாடை மேலும் கீழுமாக ஆடினால் பொம்மை மாதிரி ஆகிவிடும். பக்கவாட்டில் வட்டமடித்து அரைக்க வேண்டும். திரும்பத் திரும்ப ஓடும் அந்த லூப் இப்போது நன்றாகவே ஓடுகிறது.

வண்ணம் இனிமேல்தான். பனியில் உடல்கள் கரைந்துபோய், கன்றின் கால்களில் உள்ள வெள்ளையும் செந்நாயின் கறுத்த வாலும் மட்டும் தெரிந்தால் போதும் என்று நினைக்கிறேன். அடுத்த காட்சியில் தூரத்திலிருந்து செந்நாய்க் கூட்டம் விசிலடித்துக் கூப்பிடும். செந்நாய் எழுந்து போவதா, இருப்பதா என்பதை இன்னும் முடிவு செய்யவில்லை. விசில் கேட்டதும் கன்றின் வாய் நின்றுவிடும் என்பது மட்டும் உறுதி.