விவியன் புல்விங்கிளின் சீருடை

கான்பராவுக்குப் போகிறவர்கள் நாடாளுமன்றத்தைப் பார்த்துவிட்டு, ஏரிக்கரையில் கொஞ்ச நேரம் நடந்துவிட்டுக் கிளம்பிவிடுவார்கள். நான் போனதே ஆஸ்திரேலியப் போர் நினைவகத்துக்காகத்தான். அதிலும் முக்கியமாக ஒரு நர்ஸின் உடையைப் பார்க்க.

ஐன்ஸ்லி மலையின் அடிவாரத்தில் இருக்கிறது நினைவகம். அனுமதிக் கட்டணம் கிடையாது. பீரங்கிகளையும் போர் விமானங்களையும் வேகமாகத் தாண்டிப் போனேன். கண்ணாடிக்குப் பின்னால் அந்தச் சாம்பல் நிறப் பருத்திச் சீருடை இருந்தது. பகட்டில்லாத, வேலை செய்ய ஏதுவாகத் தைத்த உடை. இடுப்புப் பக்கத்தில் குண்டு துளைத்த ஓட்டை. விரல் நுனி அளவுகூட இருக்காது. எவ்வளவு நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன் என்று தெரியவில்லை.

உடைக்குச் சொந்தக்காரர் விவியன் புல்விங்கிள். 1915-ல் தெற்கு ஆஸ்திரேலியாவின் கபுண்டா என்ற ஊரில் பிறந்தவர். ராணுவ நர்ஸாக 1941-ல் சிங்கப்பூர் வந்தார். 1942 பிப்ரவரி 12 அன்று, அந்த நகரம் ஜப்பானியர் கையில் விழுவதற்கு 3 நாள் முன்பு, ஆஸ்திரேலிய நர்ஸுகள் 65 பேரை ‘வைனர் புரூக்’ கப்பலில் ஏற்றி அனுப்பினார்கள். 14-ஆம் தேதி இன்றைய இந்தோனேசியாவில் உள்ள பாங்கா தீவுக்கு அருகே விமானங்கள் குண்டு போட்டுக் கப்பலை மூழ்கடித்தன. 12 நர்ஸுகள் கடலோடு போனார்கள். விவியனையும் சேர்த்து 22 பேர் அந்தத் தீவின் ராட்ஜி கடற்கரையில் கரையேறினார்கள். காயம்பட்ட வீரர்களும் பொதுமக்களும் அங்கே வந்து சேர, கரையேறிய கையோடு இவர்கள் கட்டுப்போடும் வேலையைத் தொடங்கிவிட்டார்கள்.

சரணடைவதுதான் வழி என்று முடிவானது. பிப்ரவரி 16 அன்று வந்த ஜப்பானியப் படையினர் முதலில் ஆண்களைக் கொன்றார்கள். பிறகு நர்ஸுகளை வரிசையாகக் கடலுக்குள் நடக்கச் சொல்லி, முதுகுப் பக்கமிருந்து சுட்டார்கள். 21 பேர் இறந்தார்கள். குண்டு பட்டும் பிழைத்த விவியன், செத்தவர் போல அலையில் மிதந்தார்.

எல்லோரும் சொல்வது இந்தக் கதையைத்தான். எனக்கோ அதற்குப் பிறகு நடந்ததுதான் பெரிதாகப் படுகிறது. கரைக்கு வந்து காட்டுக்குள் ஒளிந்த விவியன், அங்கே கின்ஸ்லி என்ற பிரிட்டிஷ் வீரரைக் கண்டார். படுகாயம். தன் இடுப்பில் குண்டுக் காயம் இருக்கும்போதே, அவரைச் சுமார் 12 நாள் பராமரித்தார். பக்கத்துக் கிராமத்துப் பெண்கள் கொடுத்த சாப்பாட்டில்தான் இருவரும் உயிரோடு இருந்தார்கள். இனிமேல் தாக்குப்பிடிக்க முடியாது, சரணடையத்தான் வேண்டும் என்று ஆனபோது, இன்னும் ஒரு நாள் பொறுக்கலாம் என்று கேட்டாராம் கின்ஸ்லி. மறுநாள் அவருக்குப் பிறந்தநாள், அன்றைக்காவது சுதந்திர மனிதனாக இருக்க வேண்டும் என்பதற்காக. விவியன் சம்மதித்தார். சிறைப்பட்ட கொஞ்ச நாளில் கின்ஸ்லி இறந்துவிட்டார்.

ஜப்பானியர்களின் சிறை முகாமுக்குள் போகும்போது உடையிலிருந்த ஓட்டை தெரியாதபடி தண்ணீர் பாட்டிலைத் தொங்கவிட்டு மறைத்துக்கொண்டார் விவியன். படுகொலைக்கு ஒரு சாட்சி உயிரோடு இருப்பது தெரிந்தால் எல்லோருக்கும் ஆபத்து. அதனால், வேறு இடங்களில் கரையேறிப் பிடிபட்டு அங்கே இருந்த மற்ற நர்ஸுகளும் மூன்றரை வருடம் அதைப் பற்றி வாயே திறக்கவில்லை. அந்தக் காலத்தில் மேலும் 8 பேர் பசியிலும் நோயிலும் போனார்கள். 65 பேரில் ஊர் திரும்பியவர்கள் 24 பேர். 1946-ல் டோக்கியோ போர்க்குற்ற விசாரணையில் விவியன் சாட்சி சொன்னார்.

வெளியே புல்வெளியில் 2023-ல் திறந்த அவருடைய வெண்கலச் சிலை நிற்கிறது. நினைவக வளாகத்தில் தனியொரு பெண்ணுக்கு வைத்த முதல் சிலை இதுதான். இவ்வளவு தாமதமா என்று கோபம்தான் வந்தது. ஆனால் பீடத்தைக் குனிந்து பார்த்தபோது மனசு கொஞ்சம் ஆறியது. அதில் 22 எஃகு வட்டங்கள் பதித்திருக்கிறார்கள். கடலுக்குள் நடந்த 22 பேருக்காக, அந்த இரவு வானத்து நட்சத்திரங்கள் இருந்த அமைப்பிலேயே. கூட இருந்தவர்களை விட்டுவிட்டு அவரை மட்டும் உயர்த்தாத சிலை. அது எனக்குப் பிடித்திருந்தது.

அப்புறம் பெயர்ச் சுவர்களுக்குப் போனேன். வெண்கலப் பலகைகளில் போர்களில் இறந்த ஆஸ்திரேலியர்களின் 1 லட்சத்துக்கும் மேற்பட்ட பெயர்கள், இடுக்குகளில் சிவப்புப் பாப்பிப் பூக்கள். யார் பெயருக்கும் பதவி கிடையாது. அதிகாரி, சிப்பாய், நர்ஸ் எல்லோரும் ஒரே அளவு எழுத்தில்தான். போகிறவர்கள் இதற்கென்று தனியாக நேரம் ஒதுக்குங்கள். ஆன்சாக் பெருஞ்சாலையில் ராணுவ நர்ஸுகளுக்கென்று கண்ணாடியில் அமைத்த நினைவுச் சின்னமும் இருக்கிறது, அதையும் விட்டுவிடாதீர்கள்.

விவியன் போருக்குப் பிறகும் நர்ஸாகவே இருந்தார் என்பதை யாரும் அதிகம் பேசுவதில்லை. இறந்த தோழிகள் நினைவாக மெல்போர்னில் நர்ஸுகளுக்கு ஒரு மையம் அமைக்க, இன்னொரு முகாம் நர்ஸோடு ஊர் ஊராகப் போய்ப் பணம் திரட்டினார். அதே நகரத்தின் ஃபேர்ஃபீல்ட் தொற்றுநோய் மருத்துவமனையில் பல வருடம் தலைமை நர்ஸாக இருந்தார். 1975-ல் வியட்நாமின் சைகோனிலிருந்து ஆதரவற்ற குழந்தைகளை மீட்கும் பணியிலும் சேர்ந்துகொண்டார். 2000-ல் பெர்த்தில் காலமானார். அதற்கு 7 வருடம் முன்பு மறுபடி பாங்கா தீவுக்குப் போய், அங்குள்ள முன்டோக் என்ற ஊரில் தோழிகளுக்கான நினைவுச் சின்னத்தைத் திறந்து வைத்தார். அடுத்து நான் போக நினைப்பது அங்கேதான்.