கையுறை போனதற்குக் கண்ணைக் கேட்டவர்

லண்டனிலிருந்து பாத் நகரத்துக்கு ரயிலில் ஒன்றரை மணி நேரம். ரோமானியக் குளியலகத்துக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் பெரிய குளத்தின் ஓரத்திலேயே நின்றுவிடுகிறார்கள். பச்சை நீரும் அதன்மேல் தவழும் ஆவியும் அழகுதான். நான் தேடிப் போனதோ உள்ளே கண்ணாடிப் பெட்டியில் இருக்கும் ஈயத் தகடுகளை.

ஒவ்வொன்றும் உள்ளங்கைக்குள் அடங்கும். சாம்பல் நிறம், நெளிந்த ஓரம், குறுக்கே மடித்த தழும்பு. குனிந்து பார்த்தால், கூரிய முனையால் கீறிய லத்தீன் எழுத்துகள் வெளிச்சம் படும் பக்கம் மட்டும் மின்னுகின்றன. திருட்டுக் கொடுத்தவர்கள் சூலிஸ் மினெர்வா தேவிக்கு எழுதிய முறையீடுகள் இவை. சூலிஸ் இந்த மண்ணின் தெய்வம்; ரோமானியர்கள் தங்கள் மினெர்வாவை அவளோடு சேர்த்துக்கொண்டார்கள். எழுதி, மடித்து, அவளுடைய வெந்நீர் ஊற்றில் எறிந்திருக்கிறார்கள்.

டோசிமெடிஸ் என்பவருக்கு இரண்டு கையுறைகள் போய்விட்டன. எடுத்தவன் புத்தி பேதலித்து, தேவியின் கோயிலிலேயே கண்களையும் இழக்க வேண்டும் என்கிறார். டோசிலியானஸின் முக்காடு வைத்த மேலங்கி களவு போயிருக்கிறது. எடுத்தது ஆணோ பெண்ணோ, அடிமையோ சுதந்திரரோ, அதைக் கோயிலில் கொண்டுவந்து சேர்க்கும்வரை தூக்கமும் பிள்ளைப்பேறும் வாய்க்கக் கூடாதாம். சாவும் கேட்கிறார்.

கையுறைக்குக் கண்ணா என்று முதலில் திகைத்தேன். பிறகு, அம்மா கொடுத்த கம்பளிச் சால்வை ஒரு விடுதிக் கொடியிலிருந்து காணாமல்போன இரவு நினைவுக்கு வந்தது. அன்று நானும் யாரென்று தெரியாத ஒருவரை நோக்கி மண்ணை வாரித் தூற்றினேன். குளிக்க இறங்குகிறவர் துணியைக் கரையில் விட்டுத்தானே ஆக வேண்டும்? இருக்கும் ஒரே மேலங்கியும் போய், பிரிட்டன் குளிரில் ஈரத்தோடு நிற்கிறவரின் வயிற்றெரிச்சலை மூடநம்பிக்கை என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை.

1978இல் இந்த நீரில் நீந்திய சிறுமி ஒருத்தி அமீபா தொற்றால் இறந்தாள். குளியல் நிறுத்தப்பட்டது. 1979-80இல் தொல்லியலாளர் பேரி கன்லிஃப் ஊற்றுக்குள் அகழாய்வு நடத்தினார். கிடைத்த ஏறத்தாழ 130 தகடுகளைப் பொறுமையாகப் படித்துத் தந்தவர் ரோஜர் டாம்லின். சில தகடுகளில் எழுத்துகள் தலைகீழ் வரிசையில் இருப்பதை எண்ணினால் அந்த உழைப்பின் அருமை புரியும்.

அன்னியானஸின் தகட்டருகே வெகுநேரம் நின்றேன். பணப்பையிலிருந்து ஆறு வெள்ளிக் காசுகள் போயிருக்கின்றன. எடுத்தவர் பழைய தெய்வங்களை வணங்குகிறவரோ கிறிஸ்தவரோ, யாராக இருந்தாலும் தேவி மீட்டுத் தர வேண்டும் என்கிறார். பின்புறம் 18 பெயர்கள். ஊருக்குள் புது மதம் வந்துவிட்டது. காசு தொலைத்தவருக்கு இன்னும் சூலிஸ்தான் கதி.

எழுத்தே இல்லாத தகடுகளும் உண்டு. எழுத்துபோலத் தோன்றும் கீறல்கள் மட்டும், வரிவரியாக. எழுதத் தெரியாத ஒருவர், எழுதுகிறவர்களைப் பார்த்து, தன் குறையையும் அப்படியே கீறி எறிந்திருக்க வேண்டும். டாம்லினாலும் படிக்க முடியாத அந்த வரிகளைச் சூலிஸ் படித்துக்கொள்வாள் என்று கீறியவர் நம்பியிருக்கிறார்.