நாளைய வாருக்கு முன் நம் பசங்களுக்கு

மும்பையில் மாட்டுங்கா, சயான், தாராவி என்று சிதறிக் கிடக்கும், மொபைலில் கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் ஆடும் நம் கூட்டத்துக்கு இதைச் சொல்லியே ஆக வேண்டும். நாளை வார், அதாவது இன்னொரு கிளானோடு (கூட்டத்தோடு) மோதல். ஆளுக்கு இரண்டே அட்டாக், ஒவ்வொன்றுக்கும் மூன்று நிமிடம்தான்.

படை வலுவாக இருந்தும், எதிரி ஊரை முழுசாக அழித்தால் கிடைக்கும் மூன்று ஸ்டார் தவறுவது, எல்லாரையும் ஒரே மூச்சில் ஒரே இடத்தில் கொட்டிவிடுவதால்தான். படையில் இருக்கும் மந்திரவாதி விஸார்ட், தனக்குப் பக்கத்தில் எந்தக் கட்டடம் இருக்கிறதோ அதைத்தான் அடிக்கும். ஓரத்தில் கட்டடம் மிச்சமிருந்தால் அப்படியே வெளியே சுற்றிக்கொண்டு போய்விடும், நடுவில் இருக்கும் முக்கியக் கட்டடமான டவுன்ஹால் பக்கமே திரும்பாது. அதனால் முதலில் இரண்டு ஓரத்திலும் சிலரை மட்டும் இறக்கி அங்கே இருப்பதைக் காலி செய்யுங்கள். அந்தச் சில நொடி காத்திருங்கள், கை பரபரக்கும், பரவாயில்லை. அப்புறம் நடுவே பெரிய படை. அது நேராக உள்ளே நுழைவதைப் பார்க்கும் சந்தோஷத்துக்காகவே நான் இந்த ஆட்டத்தை ஆடுகிறேன்.

அடி தாங்கும் ராட்சசன் ஜயண்ட் முன்னால் போய் அடி வாங்கட்டும். எதிரியின் குண்டுகள் அதன் மேல் திரும்பிய பிறகே மதிலை உடைக்கும் வால் பிரேக்கர். பறந்துகொண்டே நம் படைக்குச் சிகிச்சை தரும் ஹீலரை, பறப்பவற்றைச் சுடும் ஏர் டிஃபென்ஸ் எட்டாத பக்கமாக விடுங்கள்.

இன்னொன்று, கூட்டம் நெரியும் லோக்கல் ரயிலில் நின்றுகொண்டு அட்டாக் வேண்டாம். நடுவில் நெட் போனால் அந்த அட்டாக்கே வீண்.

கூட்டத்தார் தரும் படையை வைத்துக்கொள்ளும் கிளான் காசிலுக்குப் படை கேட்காதவர்கள் இன்றிரவே கேளுங்கள். பறந்து போய் குண்டு போடும் பலூன் படையை நான் தருகிறேன்.