ஆர்கான் ஏன் கனக்கிறது?

போன வாரம் மகள் தன் அறைச் சுவரில் தனிம வரிசை அட்டவணையை ஒட்டினாள். நான் பக்கத்தில் நின்று டேப் கிழித்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஒட்டி முடித்ததும் வலது கோடியில் இருந்த ஆர்கான் மேல் ஒரு கையையும், அடுத்த வரிசையில் இடது கோடியில் இருந்த பொட்டாசியம் மேல் இன்னொரு கையையும் வைத்தாள்.

"அப்பா, 18வது ஆர்கான் 39.95. 19வது பொட்டாசியம் 39.10தான். எண் கூடுது, எடை குறையுதே?"

எனக்குச் சிலிர்த்துவிட்டது. பள்ளியில் நானும் இதையேதான் கேட்டேன். "அது விதிவிலக்கு, மனப்பாடம் பண்ணிக்கோ" என்றார்கள். நான் கணக்குத் தணிக்கை செய்பவன். ஏறுவரிசையில் ஓர் எண் இடறினால் அதன் பின்னே ஒரு காரணம் இருக்கும் என்று நம்பித்தான் பிழைக்கிறேன். இந்தக் காரணத்தைத் தேடிப் படித்தது முப்பது வயதுக்கு மேல்தான்.

பாதி பதில் 1913லேயே கிடைத்துவிட்டது. தனிமங்கள் வெளியிடும் எக்ஸ் கதிர்களை அளந்த ஹென்றி மோஸ்லி, அட்டவணையின் வரிசையை முடிவு செய்வது எடையல்ல, அணுக்கருவின் மின்னூட்டம் என்று காட்டினார். அதாவது புரோட்டான்களின் எண்ணிக்கை. இரண்டே வருஷத்தில், 27 வயதில், கலிபோலி போர்முனையில் இறந்துபோனார். அதைப் படிக்கும்போதெல்லாம் மனசு கனத்துப்போகும்.

சரி, வரிசைக்குக் காரணம் தெரிந்தது. ஆனால் ஒரு புரோட்டான் குறைவாக வைத்திருக்கும் ஆர்கானுக்கு அவ்வளவு எடை எங்கிருந்து வந்தது?

பொட்டாசியத்திடமிருந்தே வந்தது. பொட்டாசியத்தில் பெரும்பங்கு 39 என்ற ஐசோடோப் (ஒரே தனிமத்தில் நியூட்ரான் எண்ணிக்கை மட்டும் மாறும் அணு வகை; 39 என்பது அதன் புரோட்டான், நியூட்ரான்களின் கூட்டுத்தொகை). பத்தாயிரத்தில் ஓர் அணு மட்டும் 40. அது நிலையில்லாதது, தானாகச் சிதையும்; அரை ஆயுள், அதாவது பாதி அணுக்கள் சிதைய ஆகும் காலம், 125 கோடி ஆண்டுகள். சிதையும் அணுக்களில் நூற்றுக்கு 89 கால்சியமாக மாறிவிடும். மீதி 11 அணுக்களில் நடப்பதுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது: அணுக்கரு தன்னைச் சுற்றும் எலக்ட்ரான் ஒன்றை உள்ளே இழுத்துக்கொள்கிறது. ஒரு புரோட்டான் நியூட்ரானாகிறது. 19 என்பது 18 ஆகிறது, 40 அப்படியே நிற்கிறது. பொட்டாசியம் போய் ஆர்கான்.

பூமி உருவானபோது இந்தப் பொட்டாசியம் 40 இப்போது இருப்பதைப் போல 12 மடங்கு இருந்தது. பாறைகளுக்குள் அது சிதைந்து சிதைந்து உண்டான ஆர்கான், எரிமலைகள் வழியாகவும் வேறு வழிகளிலும் வெளியே கசிந்து காற்றில் சேர்ந்தது. இன்று காற்றில் 0.93 சதவீதம் ஆர்கான். கரியமில வாயுவைவிட எத்தனையோ மடங்கு அதிகம். அதில் 99.6 சதவீதம் 40தான். சூரியனில் இருக்கும் ஆர்கானோ பெரும்பாலும் 36. அதை எடை போட்டிருந்தால் ஆர்கான் கட்டத்தில் 36ஐ ஒட்டிய எண் வந்திருக்கும், என் மகளும் கேள்வி கேட்டிருக்க மாட்டாள். எல்லா இடத்துக்கும் பொதுவான விதிபோல அச்சடித்திருக்கிற அந்த 39.95, உண்மையில் பூமியின் சொந்த வரலாறு!

(கோபால்ட்–நிக்கல், டெல்லூரியம்–அயோடின் ஜோடிகளும் இப்படித்தான் இடறும். அவற்றின் கதை வேறு.)

மகள் நம்ப வேண்டுமே என்று கதிர்வீச்சை டிக் டிக் என்று எண்ணிக் காட்டும் என் சின்ன கைகர் கருவியை எடுத்தேன். மேஜைமேல் சும்மா வைத்தபோது நிமிடத்துக்கு இருபது சொச்சம் டிக். ரத்த அழுத்தக்காரர்களுக்கான பொட்டாசியம் உப்பு ஒரு பாக்கெட்டை அதன் குழாயோடு ஒட்டி வைத்ததும் நாற்பதைத் தாண்டியது. அவள் தாளில் கோடு கோடாகப் போட்டு எண்ணினாள். அப்புறம் என்னைப் பார்த்து, "நம்ம உடம்புலயும் பொட்டாசியம் இருக்குல்ல?" என்றாள்.

இருக்கிறது. 70 கிலோ எடையுள்ள ஒருவரிடம் சுமார் 140 கிராம். அதில் நொடிக்கு 4,000க்கும் மேற்பட்ட அணுக்கள் சிதைகின்றன. அவற்றில் 400க்கும் மேல் ஆர்கானாகின்றன. அந்த ஆர்கான் எதனோடும் சேராமல் ரத்தத்தில் கரைந்து நுரையீரலுக்குப் போய், மூச்சோடு வெளியேறுகிறது.

இதைச் சொன்னதும் அவள் கண்ணாடி ஜன்னலுக்குப் போய், அதன்மேல் மெதுவாக ஊதிப் பார்த்தாள்.