மாடு நாயைத் துரத்துகிறது

என் மேஜை இழுப்பறையில் ஒரு கட்டுப் படங்கள் கிடக்கின்றன. மாடு நாயைத் துரத்துவது ஒன்று, நாய் மாட்டைத் துரத்துவது ஒன்று. ஆடு குரங்கைத் தள்ளுவது ஒன்று, குரங்கு ஆட்டைத் தள்ளுவது ஒன்று. வரைந்தவள் நான்தான். மாடு பார்ப்பதற்கு எருமை மாதிரி இருக்கும். இத்தனை ஆண்டுகளில் ஒரே ஒரு நோயாளிதான் அதைக் குறை சொன்னார். அவருக்காகவே வரைந்த படங்கள் என்பதால் அந்த உரிமை அவருக்கு உண்டு.

பக்கவாதத்தில் பேச்சு போனவர்களோடு உட்காருவது என் வேலை. மருத்துவமனையில் ஸ்பீச் தெரபிஸ்ட் என்பார்கள். நோயாளிகளின் வீட்டார் ‘பேச வைக்கிற அம்மா’ என்பார்கள். நான் சொல்ல வந்தவர் லாரி புக்கிங் ஆபீஸில் முப்பது வருடம் கணக்குப் பார்த்தவர். மூளையின் இடது முன்பகுதியில் ரத்தக்குழாய் அடைப்பு. பெயர்ச்சொற்கள் வரும். “லாரி... சேலம்... பணம்... நேற்று” என்பார். பூ இருக்கிறது, கட்டும் நார் இல்லை. எங்கள் தொழிலில் இது பழைய கதை. 1861-இல் பாரிஸில் பால் புரோக்கா என்ற மருத்துவர், ‘டான்’ என்ற ஓர் அசையை மட்டுமே சொல்லிக்கொண்டிருந்த ஒரு நோயாளி இறந்த பிறகு அவருடைய மூளையை ஆராய்ந்து, சேதம் இடது முன்மடலில் இருப்பதைக் காட்டினார். அந்த இடத்துக்கு இன்றும் அவர் பெயர்தான்.

இப்படிப்பட்டவர்களுக்குப் பேசத்தான் வராது, சொன்னால் புரிந்துகொள்வார்கள் என்று நெடுங்காலம் நம்பினார்கள். 1976-இல் கரமாட்சா, ஸூரிஃப் என்ற இருவர் அந்த நம்பிக்கையை அசைத்தார்கள். ‘பையன் தின்கிற ஆப்பிள் சிவப்பு’ என்பது போன்ற ஆங்கில வாக்கியங்கள் நோயாளிகளுக்குப் புரிந்தன. ஆப்பிள் பையனைத் தின்னாது அல்லவா. ‘பெண் துரத்துகிற பையன் உயரமானவன்’ என்றதும் தடுமாறினார்கள். யாரும் யாரையும் துரத்தலாம் என்றால் உலக அறிவு கைகொடுக்காது. வாக்கியத்தின் கட்டுமானம்தான் சொல்ல வேண்டும். அதுதான் அவர்களிடம் ஆட்டம் கண்டிருந்தது.

இதையெல்லாம் படித்துத் தேர்வெழுதித்தான் வேலைக்கு வந்தேன். ஆனாலும் ஏமாந்தேன்.

என்னிடம் இருந்த சோதனைத் தாள் ஆங்கிலத்திலிருந்து தமிழாக்கியது. படங்களில் ஒரு பையன், ஒரு பெண். ‘பையன் பெண்ணைத் துரத்துகிறான்’, ‘பெண் பையனைத் துரத்துகிறாள்’ என்று ஒரு பகுதி. ‘பையன் பெண்ணால் துரத்தப்படுகிறான்’ என்று இன்னொரு பகுதி. இரண்டாவதைப் படித்தால் நோயாளிக்குத் துணையாக வந்த, எந்தக் குறையும் இல்லாத மருமகளே என்னை விசித்திரமாகப் பார்ப்பாள். யார் அப்படிப் பேசுகிறார்கள்? ஆகவே அதை விட்டுவிட்டு, சொல் வரிசையை மட்டும் மாற்றிக் கேட்டேன்: ‘பெண்ணைப் பையன் துரத்துகிறான்.’ அவர் தயங்காமல் சரியான படத்தைத் தொட்டார். எல்லாம் சரி. ‘வாக்கியம் புரிந்துகொள்வதில் குறையில்லை’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

பத்து நாள் கழித்து அவர் மனைவி வந்தார். “புரிகிறது என்று எழுதிவிட்டீர்களே அம்மா, வீட்டில் எல்லாம் தலைகீழாக இருக்கிறது” என்றார். இரண்டு மகன்கள். பெரியவனுக்குச் சின்னவன் கொஞ்சம் பணம் கொடுத்திருக்கிறான். ‘பெரியவனுக்குச் சின்னவன் பணம் கொடுத்தான்’ என்று இவர் கணவரிடம் சொன்னாராம். அவர் இரண்டு நாளாகச் சின்னவனைப் பார்க்கும்போதெல்லாம் பெரியவனைக் காட்டி, விரல்களைத் தேய்த்து, திருப்பிக் கொடு என்று சைகை செய்துகொண்டிருக்கிறார். வாங்கியது சின்னவன் என்பது அவர் முடிவு. “காது கேட்கவில்லையோ?” என்று கேட்டார் அந்த அம்மா.

காது நன்றாகவே கேட்டது. அன்று பஸ்ஸில் நின்றுகொண்டு வீட்டுக்குப் போகும்போதுதான் பொறி தட்டியது. மகன்கள் இருவரும் ஆண்கள். கொடுத்தான் என்றால் இருவரில் யாராகவும் இருக்கலாம். என் சோதனையிலோ ஒரு பையன், ஒரு பெண். ‘துரத்துகிறான்’ என்று வினை முடியும்போதே விடை சொல்லியாயிற்று! கடைசியில் வரும் ‘ஆன்’ ஒன்றைப் பிடித்துக்கொண்டு, துரத்துகிற ஆண் உள்ள படத்தைத் தொட்டால் முழு மதிப்பெண். ‘பெண்ணை’ என்பதில் ஐ இருக்கிறதா, அது யாரை என்ன செய்கிறது என்று அவர் பார்க்கவே தேவையில்லை. ஆங்கில வினை இப்படிப் பால் காட்டாது. அங்கே அந்தப் படங்கள் சரியான சோதனை. தமிழுக்கு வந்ததும் விடைத்தாளோடு வரும் வினாத்தாள் ஆகிவிட்டது.

எங்கள் வார்டில் கேரளத்திலிருந்து வந்த ஒரு செவிலியர் இருந்தார். அவரிடம் இதைச் சொல்லிப் புலம்பியபோது சிரித்தார். மலையாளத்தில் நான் வந்தாலும் அவன் வந்தாலும் அவள் வந்தாலும் ‘வந்நு’தான். வினை யாரையும் காட்டிக்கொடுக்காது. எனவே அதே பழைய படங்கள் மலையாள நோயாளிக்குப் பழுதில்லாமல் பயன்படும். ஒரு மலை தாண்டினால் சோதனை மாறிவிடுகிறது.

முதலில் போலீஸ்காரரும் திருடனும் வரைந்தேன். பயனில்லை. போலீஸ்காரர் ‘பிடிக்கிறார்’, திருடன் ‘பிடிக்கிறான்’. மரியாதையும் காட்டிக்கொடுக்கிறது. அதோடு யார் யாரைப் பிடிப்பார்கள் என்று ஊருக்கே தெரியும். கடைசியில் விலங்குகளிடம் போனேன். மாடும் ‘துரத்துகிறது’, நாயும் ‘துரத்துகிறது’. எங்கள் தெருவில் இரண்டும் நடப்பதுதான்.

‘மாடு நாயைத் துரத்துகிறது’ என்றால் ஒவ்வொரு முறையும் சரியாகத் தொட்டார். ‘நாயை மாடு துரத்துகிறது’ என்றால் நாய் துரத்தும் படத்தைத் தொட்டார். முதலில் வருபவன் செய்பவன் என்பது அவருடைய கணக்கு. நடுவில் ஒருமுறை மாட்டுப் படத்தை எடுத்து, என் முகத்தைப் பார்த்து, தெளிவாக, “எருமை” என்றார்.

பிறகு, மனசு கேட்காமல், தாளில் இல்லாத ஒன்றைச் செய்து பார்த்தேன். ‘மாட்டை நாயைத் துரத்துகிறது’ என்று சொன்னேன். முகம் சுளித்தார். “தப்பு” என்றார். ‘மாடு நாயைத் துரத்துகிறது’ என்றேன். தலையசைத்தார். ‘நாயை மாடு துரத்துகிறது’ என்றேன். அதற்கும் தலையசைத்தார்; ஆனால் படத்தை மட்டும் தவறாகத் தொட்டார். ஐ அவர் காதில் விழுகிறது, எங்கே வரலாம் எங்கே வரக்கூடாது என்றும் தெரிகிறது. அதை வைத்து யார் செய்தது, யார் பட்டது என்று முடிச்சுப் போடத்தான் முடியவில்லை. 1983-இல் லைன்பார்கர், ஷ்வார்ட்ஸ், சாஃப்ரன் ஆகிய மூவர் ஆங்கிலம் பேசும் நோயாளிகளிடம் இதைத்தான் கண்டார்கள்: வாக்கியத்தின் பொருளைப் பிடிக்கத் தடுமாறுபவர்கள், அது பிழையா சரியா என்று பெரும்பாலும் சரியாகவே சொன்னார்கள். படித்தபோது ஒரு கட்டுரை என்று கடந்துபோனேன். எதிரில் ஒருவர் முகம் சுளித்தபோதுதான் உறைத்தது.

மூளையில் வாக்கியம் ஒரே சரடாக இல்லை என்று அதற்குப் பிறகு நினைக்கத் தொடங்கினேன். சொற்கள் வரும் வரிசை ஒன்று; யார் எழுவாய், எது செயப்படுபொருள் என்ற உறவு இன்னொன்று. இரண்டையும் தனித்தனித் தளங்களாக வைத்து, நடுவில் பாலம் போடும் ஓர் இலக்கணக் கோட்பாட்டை ஜோன் பிரெஸ்னனும் ரொனால்ட் கேப்லனும் 1982-இல் வெளியான ஒரு கட்டுரைத் தொகுப்பில் விரித்து எழுதினார்கள். அதே தொகுப்பில் கே.பி. மோகனன் மலையாளத்தை எடுத்துக்கொண்டு எழுதியிருக்கிறார். வரிசையும் வினை விகுதியும் காட்டாத இடத்திலும் எழுவாய் என்ற உறவு இருக்கத்தான் செய்கிறது. என் வார்டுச் செவிலியர் சிரித்துக்கொண்டே சொன்னதும் அந்தக் கட்டுரையும் எனக்கு ஒன்றாகவே பட்டன.

வினை கடைசியில் வரும் மொழிகளில் கேட்பவர் வினைக்காகக் காத்திருப்பதில்லை என்பதும் சுவையான விஷயம். 2003-இல் வெளியான ஓர் ஆய்வில் ஜப்பானியர்கள் ஒரு படத்தைப் பார்த்தபடி வாக்கியம் கேட்டார்கள். பரிமாறும் பெண் எழுவாயாக வந்து, அடுத்து வாடிக்கையாளர் ‘கு’ உருபு போன்ற ஒன்றோடு வந்ததும், வினை வருவதற்கு முன்பே அவர்களுடைய கண் பரிமாறப்போகும் உணவுக்குப் போய்விட்டது. நாமும் அப்படித்தான் என்பது என் அனுமானம். ‘மாமியாருக்கு மருமகள்...’ என்று ஒருவர் இழுத்தாலே நாம் மீதியை எழுதிவிடுகிறோமே.

அந்த ‘கு’வைப் பற்றி இன்னும் சொல்ல வேண்டும். வார்டில் ஒரு நாள் நின்று கேளுங்கள். எனக்கு வலிக்கிறது, பசிக்கிறது, குளிர்கிறது, தெரியவில்லை, வேண்டாம். மருத்துவமனையின் மொழியே நான்காம் வேற்றுமைதான். ‘எனக்குப் பசிக்கிறது’ என்பதில் எழுவாய் எது? பள்ளிக்கூடத்தில் கேட்டிருந்தால் ஆசிரியர் ஏதோ தோன்றா எழுவாய் என்று சமாளித்திருப்பார். வினை எனக்காக மாறுவதில்லை. உனக்கும் பசிக்கிறது, அவளுக்கும் பசிக்கிறது. ஆனால் ‘தங்கைக்குத் தன் அண்ணனைப் பிடிக்கும்’ என்றால் ‘தன்’ யாருடையது? தங்கையுடையது. வழக்கமாக எழுவாயைத் தேடிப் போகும் ‘தன்’ இங்கே தங்கையிடம் போய் நிற்கிறது. எழுவாய்க்குரிய வேலைகளில் ஒன்று அவளிடம் இருக்கிறது. வினையோடு இயைவது என்ற இன்னொன்று அவளிடம் இல்லை. தாலி கட்டியது ஒருவர், ரேஷன் கார்டில் குடும்பத் தலைவர் வேறொருவர் என்பது போல.

இதைக் கண்டு மிரளாத முன்னோர் நமக்கு உண்டு. தொல்காப்பியம் தொழிலுக்கு வேண்டியவை எட்டு என்று வரிசைப்படுத்துகிறது: வினை, செய்பவன், செயப்படுபொருள், இடம், காலம், கருவி, இன்னாருக்கு, இன்ன பயனுக்கு. அதே நூல் செயப்படுபொருளையே செய்தது போலச் சொல்வதும் வழக்கு என்கிறது. உரைகாரர்கள் காட்டும் எடுத்துக்காட்டு ‘திண்ணை மெழுகிற்று’. திண்ணை தன்னைத்தானே மெழுகிக்கொள்ளாது என்பது அவர்களுக்கும் தெரியும். இன்றும் ‘துணி துவைத்தாயிற்று’ என்கிறோம், துவைத்தவள் பெயர் வருவதே இல்லை. சோதனைத் தாளில் ‘துரத்தப்படுகிறான்’ என்று எழுதியவர் இந்த வழியாக ஒருமுறை நடந்து பார்த்திருக்கலாம்.

நோயாளிக்கு வருகிறேன். அறிக்கையைத் திருத்தி எழுதினேன். என் மேலாளரிடம் காரணம் சொல்ல வேண்டியிருந்தது, சொன்னேன். பயிற்சிக்கு அவருடைய தொழிலையே எடுத்துக்கொண்டேன். லாரி ஆபீஸில் மூட்டைக்கு ரசீது போடும்போது அனுப்புபவர் பெயர் எங்கே, பெறுபவர் பெயர் எங்கே என்று அவருக்குத் தூக்கத்திலும் தெரியும். பில் புத்தகம் மாதிரி ஒரு தாள் அச்சடித்தேன். நான் வாக்கியம் சொல்வேன். ஐ ஒட்டிய பெயரை அவர் ஒரு கட்டத்தில் வைக்க வேண்டும், கு ஒட்டியதை இன்னொன்றில், எதுவும் ஒட்டாததை ‘செய்தவர்’ கட்டத்தில். எந்த வரிசையில் சொன்னாலும் கட்டம் மாறாது. முதல் வாரம் சலித்துக்கொண்டார். மூன்றாவது வாரம் பேனாவைக் காதில் செருகிக்கொண்டு வந்தார்.

பேச்சில் ‘நான்... பசி’ என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார். மனைவி ஒவ்வொரு முறையும் ‘எனக்கு’ என்று எடுத்துக்கொடுப்பார். ஒரு நாள் ‘எனக்கு’ வந்துவிட்டது. நான் மகிழ்ந்து ‘அவனுக்கு’ கேட்டேன், வரவில்லை. ‘எனக்கு’ என்பது உருபு ஏற்ற சொல்லாக அவரிடம் வரவில்லை, பிரிக்க முடியாத ஒற்றைச் சொல்லாகத்தான் வந்திருந்தது. அதைப் பெரிய முன்னேற்றம் என்று குறிப்பில் எழுத எனக்குக் கை வரவில்லை. மனைவியிடம் மட்டும் சொன்னேன்.

ஐந்தாவது மாதம் மகன்கள் இருவரும் உடன் வந்திருந்தார்கள். அந்த அம்மாவுக்குப் பழைய வழக்கு நினைவிருந்தது. கணவர் முன்னால் மெதுவாக, அன்று சொன்ன அதே வரிசையில், “பெரியவனுக்குச் சின்னவன் பணம் கொடுத்தான்” என்றார். அவர் கொஞ்ச நேரம் மேஜையைப் பார்த்தார். கை தாளில் இல்லாத கட்டங்களைத் தொட்டுத் தொட்டு நகர்ந்தது. பிறகு பெரிய மகன் பக்கம் திரும்பி, புருவத்தை உயர்த்திக் கேட்டார்:

“வட்டி?”