மனப்பூர்வமாகச் சம்மதித்து

நீதிபதி இருக்கையில் உட்கார்ந்த முதல் வாரம். ஒரு கிரயப் பத்திரத்தைச் சாட்சியிடம் காட்டிவிட்டு என்னிடம் நீட்டினார்கள். வாங்கிய கையோடு பின்பக்கம் திருப்பினேன். முத்திரைத்தாளின் பின்பக்கத்தில்தான் அது யார் பெயரில், எந்தத் தேதியில் வாங்கப்பட்டது, விற்பனையாளரின் வரிசை எண் என்ன என்பதெல்லாம் இருக்கும். பத்திரத்தில் போட்டிருக்கும் தேதிக்குப் பிறகு தாள் வாங்கப்பட்டிருந்தால், உள்ளே எவ்வளவு அழகாக எழுதியிருந்தாலும் சந்தேகம்தான். 18 வருடம் சொத்து வக்கீலாக இருந்த பழக்கம் அது. நிமிர்ந்தபோது இரு தரப்பு வக்கீல்களும் என் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். புதிதாக வந்திருக்கும் அம்மா பத்திரத்தைத் திருப்பிப் பார்க்கிறார் என்ற பேச்சு சாயங்காலத்துக்குள் வளாகம் முழுக்கப் பரவிவிட்டதாக பெஞ்ச் கிளார்க் சொன்னார். பாராட்டாகத்தான் சொன்னார். எனக்கு அன்றிரவு தூக்கம் பிடிக்கவில்லை. யாரும் கேட்காத ஒன்றை நான் ஏன் தேடினேன்?

வக்கீலாக இருந்த காலத்தில் நான் கோர்ட்டில் பேசியது குறைவு. விஷயம் கோர்ட்டுக்கு வராமல் பார்த்துக்கொள்வதுதான் சொத்து வக்கீலின் வேலை. நிலம் வாங்க நினைக்கிறவர் ஒரு துணிப்பையில் ஜெராக்ஸ் கட்டைக் கொண்டுவந்து மேஜையில் வைப்பார். மூலப் பத்திரம், இடையில் கைமாறிய பத்திரங்கள், வில்லங்கச் சான்று, பட்டா, சிட்டா, அடங்கல், புல வரைபடம், இறப்புச் சான்று, வாரிசுச் சான்று. எல்லாவற்றையும் தேதி வாரியாக அடுக்கி, ஒருவர் கையிலிருந்து அடுத்தவர் கைக்குச் சொத்து எப்படிப் போனது என்று கோத்துக்கொண்டே வர வேண்டும். நான்கு எல்லையை ஒவ்வொரு பத்திரத்திலும் ஒப்பிட வேண்டும். முதல் பத்திரத்தில் வடக்கே வண்டிப்பாதை என்று இருக்கும். மூன்றாவது பத்திரத்தில் அதே இடம் யாரோ ஒருவரின் தோட்டம் ஆகியிருக்கும். பாதை எங்கே போனது என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. அந்தக் கேள்விக்குப் பதில் கிடைக்கும் வரை கட்டை மூடக் கூடாது என்பது என் சீனியர் போட்ட விதி.

அவர் ஒருமுறை கோபித்துக்கொண்டது இன்னும் நினைவிருக்கிறது. வில்லங்கம் சுத்தமாக இருக்கிறது என்று நான் எழுதிக்கொண்டுபோன கருத்துரையைத் தள்ளிவைத்தார். “ஏம்மா, வில்லங்கம் சுத்தமா இருந்தா சொத்து சுத்தம்னு யார் சொன்னது? ரிஜிஸ்டர் ஆனதுதான் அதுல வரும். ஆகாததுதான் கோர்ட்டுக்கு வரும்.” உயிலைப் பதிவு செய்தே ஆக வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. கூட்டுக் குடும்பத்தில் வாய்மொழியாகவே பாகம் பிரித்துக்கொள்ளலாம். இரண்டும் வில்லங்கச் சான்றில் வராது. பட்டாவும் அப்படித்தான். 1980-களில் நில உடைமைப் பதிவுகளைப் புதுப்பித்தார்களே, யு.டி.ஆர் என்று எல்லோரும் சொல்வது, அதில் பெயர் மாறி விழுந்த பட்டாவை வைத்துக்கொண்டு, இதுதான் என் சொத்துக்கு ஆதாரம் என்று வருகிறவர்களை இன்றும் பார்க்கலாம். பட்டா வருவாய்த் துறையின் பதிவு. அது மட்டுமே உரிமையைத் தந்துவிடாது.

இப்படி ஓடிக்கொண்டிருந்தவள் ஏன் நீதிபதியானேன் என்று நிறையப் பேர் கேட்டிருக்கிறார்கள். அரசியலமைப்பின் 233-ஆவது பிரிவு, 7 ஆண்டு வக்கீலாக இருந்தவரை நேரடியாக மாவட்ட நீதிபதியாக நியமிக்க வழி செய்கிறது. அறிவிப்பு வந்தது, எழுதினேன், நேர்முகத் தேர்வும் தாண்டினேன். உள்ளே இருந்த காரணம் வேறு. ஒரு கட்டைப் பார்த்து, இதை வாங்காதீர்கள் என்று சொல்லி அனுப்பிவிடுவேன். அவர் தப்பித்துவிடுவார். ஆனால் அந்த நிலத்தில் ஏமாந்துகிடப்பவர் யாரோ, அவரைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. அந்தக் கதவுக்கு அந்தப் பக்கம் என்ன நடக்கிறது என்று பார்க்க ஆசைப்பட்டேன்.

சரி, வந்தாகிவிட்டது. வந்த பிறகு கற்ற முதல் பாடம், வாயை மூடிக்கொண்டிருப்பது. ஒரு வழக்கில் இரண்டு பக்கத்து வக்கீல்களும் எல்லையைப் பற்றியே நாள்கணக்கில் வாதாடினார்கள். எனக்கு வேறொன்று கண்ணில் பட்டுவிட்டது. பல வருடங்களுக்கு முந்தைய ஒரு கிரயத்தில், மைனர் பையனின் பங்கைத் தாய் காப்பாளராக இருந்து விற்றிருந்தார். 1956-ஆம் ஆண்டு இந்து மைனர் மற்றும் காப்பாளர் சட்டத்தின் 8-ஆவது பிரிவுப்படி அதற்கு நீதிமன்ற அனுமதி வேண்டும். அனுமதி வாங்கியதற்கான அடையாளமே பத்திரத்தில் இல்லை. என் பழைய அலுவலகமாக இருந்திருந்தால் சிவப்பு மையால் வட்டம் போட்டிருப்பேன். ஆனால் அப்படிப்பட்ட கிரயம் தானாகச் செல்லாமல் போய்விடாது. அந்தப் பையன் மேஜராகி 3 வருடத்துக்குள் வந்து கேட்டிருக்க வேண்டும். அவன் கேட்கவில்லை, அவன் வழக்கில் கட்சிக்காரனும் இல்லை, யாருடைய வழக்குரையிலும் அது ஒரு வரிகூட இல்லை. கட்சிக்காரர் சொல்லாத வழக்கை நீதிபதி உண்டாக்கிக் கொடுக்கக் கூடாது. எல்லையைப் பற்றி மட்டும் தீர்ப்பு எழுதினேன். சரியானதைத்தான் செய்தேன் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. இருந்தாலும் அந்தப் பையனுக்கு இப்போது ஐம்பது வயது இருக்குமே என்ற நினைப்பு கொஞ்ச நாள் கூடவே வந்தது.

கிரய ஒப்பந்த வழக்குகளையும் சொல்ல வேண்டும். எங்கள் ஊர்ப்பக்கக் கோர்ட்டுகளில் இவை குவியும். வட்டிக்குப் பணம் கொடுப்பவர் கடன் பத்திரத்துக்குப் பதிலாக, நிலத்தை விற்கிறேன் என்று ஒப்பந்தம் எழுதி வாங்கிக்கொள்வார். கடன் அடையாவிட்டால், நிலத்தைக் கிரயம் செய்துகொடு என்று வழக்கு. உண்மையிலேயே நிலம் வாங்க ஒப்பந்தம் போட்டு ஏமாந்தவரும் அதே மாதிரித் தாளோடுதான் வருவார். தாளில் இருவருக்கும் வித்தியாசம் தெரியாது. 2018-இல் தனிக்குறை தீர்வுச் சட்டத்தை (Specific Relief Act) திருத்திய பிறகு, ஒப்பந்தத்தை நிறைவேற்றச் சொல்வதில் நீதிபதிக்கு இருந்த விருப்புரிமை போய்விட்டது. அதனால், இது உண்மையில் கிரய ஒப்பந்தம்தானா என்ற முதல் கேள்வி இன்னும் கனமாகிவிட்டது.

இப்போது நான் எழுத உட்கார்ந்த விஷயத்துக்கு வருகிறேன். ஒரு பாக வழக்கு. இரண்டு அக்காக்கள், ஒரு தம்பி. அப்பா சுயமாகச் சம்பாதித்த நிலம், உயில் எதுவும் இல்லை, அம்மாவும் இல்லை. ஆளுக்கு மூன்றில் ஒரு பங்கு என்பதில் சட்டப்படி எந்தச் சிக்கலும் இல்லை. ஆனால் தம்பி ஒரு விடுதலைப் பத்திரத்தைத் தாக்கல் செய்தார். அக்காக்கள் இருவரும் தங்கள் பங்கை விட்டுக்கொடுத்ததாகப் பதிவான பத்திரம். அதை வைத்து அவர் நிலத்தில் ஒரு மூலையை விற்றும் இருந்தார். வாங்கியவர் ஓய்வூதியப் பணத்தைப் போட்டு வீடு கட்டிவிட்டார். அவரும் பிரதிவாதியாகக் கடைசி பெஞ்சில் ஒவ்வொரு வாய்தாவுக்கும் வந்து உட்கார்ந்திருப்பார்.

பெரிய அக்கா கூண்டில் ஏறினார். கைநாட்டுதான் தெரியும். “தம்பிக்கு பேங்க் லோனுக்கு ஜாமீன் கையெழுத்துன்னு சொன்னாங்கய்யா” என்றார். நான் பெண் என்பதெல்லாம் அவருக்குப் பொருட்டில்லை, அந்த நாற்காலியில் இருப்பவர் ஐயாதான். எதிர்த்தரப்பு வக்கீல் பத்திரத்தின் கடைசி வரியைச் சத்தமாகப் படித்தார். “படிக்கக் கேட்டு, பொருள் விளங்கி, யாருடைய தூண்டுதலும் கட்டாயமும் இன்றி, சுயபுத்தியுடன் மனப்பூர்வமாகச் சம்மதித்து எழுதிக்கொடுத்த விடுதலைப் பத்திரம்.” படித்துவிட்டு, “இதுக்குக் கீழதானே உங்க ரேகை இருக்கு?” என்று கேட்டார். அந்த அம்மா தன் கட்டைவிரலைப் பார்த்தார். பிறகு, ஆமாம் என்றார்.

அந்த வரி எனக்கு மனப்பாடம். நூற்றுக்கணக்கான பத்திரங்களில் நானே போட்டிருக்கிறேன். கணினியில் அது ஏற்கனவே இருக்கும், பெயரையும் சர்வே எண்ணையும் மாற்றினால் போதும். 2005-இல் இந்து வாரிசுரிமைச் சட்டம் திருத்தப்பட்டு மகள்களுக்கும் பூர்வீகச் சொத்தில் பிறப்பிலேயே உரிமை என்று வந்த பிறகு, என் அலுவலகத்துக்கு விடுதலைப் பத்திரம் கேட்டு வந்த குடும்பங்கள் பெருகின. அக்கா தங்கை எல்லோரும் கையெழுத்துப் போட்டால்தான் நிலம் விற்கும், அதனால் வரச் சொல்லுங்கள் என்று நான்தான் சொல்வேன். வாங்குகிறவருக்கு அது பாதுகாப்பு. அந்த வரி கூண்டில் நிற்கும் ஒரு பெண்ணை நோக்கி எப்படிப் பாயும் என்று அன்றுவரை நான் நேரில் பார்த்ததில்லை.

தம்பி தரப்பில் பத்திரம் எழுதியவரைச் சாட்சியாக அழைத்தார்கள். வயதானவர், நேர்மையாகப் பதில் சொன்னார். அக்காக்களின் வக்கீல் குறுக்கு விசாரணையில் அடையாள அட்டை, வழிகாட்டி மதிப்பு, முத்திரைத் தீர்வை என்று எதை எதையோ கேட்டுவிட்டு உட்கார்ந்துவிட்டார். படித்துக் காட்டினாரா என்பதைக் கேட்கவே இல்லை. இந்த முறை நான் வாயை மூடிக்கொள்ளவில்லை. ஏமாற்றிக் கைநாட்டு வாங்கினார்கள் என்பது வழக்குரையிலேயே தெளிவாக இருந்தது. உண்மையை அறிய எந்தச் சாட்சியிடமும் எந்தக் கேள்வியையும் கேட்க, அப்போதிருந்த சாட்சியச் சட்டத்தின் 165-ஆவது பிரிவு நீதிபதிக்கு அதிகாரம் தந்தது. நான் ஒரே ஒரு கேள்வி கேட்டேன்.

“பத்திரத்தை எந்த இடத்தில் வைத்துப் படித்துக் காட்டினீர்கள்?”

அவர் கொஞ்ச நேரம் யோசித்தார். “படிக்க நேரமில்லைங்கம்மா. எமகண்டத்துக்கு முன்னாடி முடிக்கணும்னு அவசரப்படுத்தினாங்க. அப்புறம் படிச்சுக்கலாம்னு சொன்னாங்க.”

கோர்ட்டில் மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது. இரு தரப்புக்கும் அந்தப் பதில் மீது குறுக்கு விசாரணை செய்ய அனுமதி கொடுத்தேன். தம்பியின் வக்கீல் எழுந்து, ஒன்றும் கேட்காமல் உட்கார்ந்துவிட்டார்.

எழுதப் படிக்கத் தெரியாத ஒரு பெண்ணிடம் பத்திரம் வாங்கியவர்தான், அவர் புரிந்துகொண்டு செய்தார் என்று நிரூபிக்க வேண்டும். இது நீதிமன்றங்கள் பல காலமாகச் சொல்லிவருவது. அப்புறம் இன்னொரு வேறுபாடு இருக்கிறது. பத்திரத்தின் உள்ளே இருப்பதைத் திரித்துச் சொல்லிக் கையெழுத்து வாங்கினால், காலக்கெடுவுக்குள் வழக்குப் போட்டு அதை ரத்து செய்துகொள்ள வேண்டும். இது எந்த வகைப் பத்திரம் என்பதையே மாற்றிச் சொல்லி வாங்கியிருந்தால், அது பிறக்கும்போதே செல்லாதது. ஜாமீன் என்று சொல்லி விடுதலை எழுதி வாங்கியது இரண்டாவது ரகம். அக்காக்களுக்கு மூன்றில் இரண்டு பங்கு என்று, யாருக்கு எவ்வளவு என்பதை மட்டும் சொல்லும் முதல்நிலைத் தீர்ப்பாணை கொடுத்தேன்.

கடைசி பெஞ்சில் இருந்தவரை என்ன செய்வது? அவர் யாரையும் ஏமாற்றவில்லை. வழக்கறிஞரிடம் கருத்துரை வாங்கித்தான் நிலம் வாங்கியிருந்தார். பாகம் பிரிக்கும்போது, கூட்டாளி ஒருவர் விற்ற இடத்தை முடிந்தவரை அவருடைய பங்கிலேயே விழும்படி ஒதுக்கலாம் என்று ஒரு நியாயம் உண்டு. வீடு இருந்த மூலையைத் தம்பியின் பங்கில் சேர்க்க வழி இருக்கிறதா என்று பார்க்கும்படி தீர்ப்பில் எழுதினேன். இறுதித் தீர்ப்பாணைக்காக நீதிமன்றம் நியமித்த ஆணையர் நிலத்தை அளந்து அப்படியே பிரித்துக் கொடுத்தார். வீடு தப்பியது. மூன்று பங்கு என்று எழுத எனக்குச் சில நாள்தான் ஆனது. அந்த ஒரு மூலையைப் பற்றி எழுதிய இரண்டு பக்கத்துக்கு அதைவிட நேரம் ஆனது. என் தீர்ப்புகளில் எனக்கு மிகவும் பிடித்தவை அந்த இரண்டு பக்கங்கள்தான்.

இதற்குப் பிறகு மூன்று ஆண்டுகள் போயிருக்கும், வேறு மாவட்டத்தில் இருந்தேன். புதிதாக எண்ணிடப்பட்ட ஒரு பாக வழக்கின் கட்டைப் பிரித்துப் படித்துக்கொண்டிருந்தேன். அதில் ஒரு விடுதலைப் பத்திரம். மூன்று சகோதரிகள், இருவர் கையெழுத்து, ஒருவர் கைநாட்டு. படிக்கப் படிக்க அந்த நடை பழக்கமாகத் தெரிந்தது. கடைசிப் பக்கத்தின் அடியில், தயாரித்தவர் என்ற இடத்தில் என் பெயரும் பதிவு எண்ணும் இருந்தன.

கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். அந்த நிலம் நினைவுக்கு வந்தது. சர்வே எண், தெற்கே இருந்த வாய்க்கால், வாங்க வந்தவர் வைத்திருந்த பை, அவர் கேட்ட சந்தேகங்கள்கூட நினைவுக்கு வந்தன. சகோதரிகள் மூவரின் முகத்தை மட்டும் எவ்வளவு யோசித்தும் கொண்டுவர முடியவில்லை. கைநாட்டு வைத்தவருக்கு அந்தக் கடைசி வரியை யாராவது படித்துக் காட்டினார்களா? நான் படித்துக் காட்டவில்லை. அது மட்டும் எனக்கு உறுதியாகத் தெரியும்.

நான் விசாரிக்கக் கூடாத வழக்கு அது. காரணத்தை எழுதி, வேறு நீதிமன்றத்துக்கு மாற்றும்படி முதன்மை மாவட்ட நீதிபதிக்குக் கடிதம் தயார் செய்யச் சொன்னேன். பெஞ்ச் கிளார்க் கட்டை எடுக்க வந்தார். அதைக் கொடுக்கும் முன் முதல் தாளைப் பின்பக்கம் திருப்பிப் பார்த்தேன். வாங்கியவர் பெயர், தேதி, வரிசை எண், எல்லாம் சரியாக இருந்தன.