யாரும் பாடாத குரல்: அடுக்கிசை மந்திரத்துக்கு விதி வகுத்த அனுபவம்

நான் எழுதிவரும் மிகுபுனைவு நாவலில் மந்திரம் முழுவதும் குரல்களின் அடுக்கிலிருந்தே, அதாவது பலர் ஒரே நேரத்தில் வெவ்வேறு சுரங்களில் சேர்ந்து பாடுவதிலிருந்தே, பிறக்க வேண்டும் என்று தொடக்கத்திலேயே முடிவு செய்திருந்தேன். தனியொருவர் இசையால் அற்புதம் நிகழ்த்தும் கதைகள் நமக்குப் புதியவை அல்ல. அகத்தியர் யாழிசைத்துப் பொதிகைப் பாறையை உருக்கியதும், முத்துசுவாமி தீட்சிதர் எட்டயபுரத்துக்காக அமிர்தவர்ஷிணி ராகத்தைப் பாடி மழையை வருவித்ததும், தான்சேன் தீபக் ராகத்தால் விளக்கேற்றியதும் வழிவழியாகச் சொல்லப்படுகின்றன. எனக்கு வேண்டியதோ, எவ்வளவு பெரிய வித்வானாலும் தனித்து நின்று செய்ய முடியாத ஒரு மந்திரம். அதன் விதிகளை மனம்போன போக்கில் வகுக்காமல், ஒலி உண்மையில் நடந்துகொள்ளும் விதத்திலிருந்தே எடுக்க வேண்டும் என்பதில் உறுதியாக இருந்தேன்.

தம்புராவில்தான் தொடங்கினேன். அதன் நான்கு தந்திகளும் பஞ்சமத்துக்கும் (ப) சட்ஜத்துக்கும் (ஸ) மட்டுமே கூட்டப்படுகின்றன. ஆயினும் சுருதி சேர்ந்தவுடன், எந்தத் தந்திக்கும் உரியதல்லாத அந்தர காந்தாரம் (க) தெளிவாகக் கேட்கிறது. மந்தர (தாழ்ந்த) சட்ஜத் தந்தியின் அதிர்வெண்ணைப்போல் ஐந்து மடங்கான மேல்தொனி, அதாவது மூல ஒலியோடு சேர்ந்தே மெலிதாக எழும் உயர்ந்த ஒலி, அது. குதிரைக்கும் தந்திக்கும் இடையில் செருகிய நூலை இம்மியளவு நகர்த்தினால் காந்தாரம் மலர்கிறது. இன்னும் சற்று நகர்த்தினால் மறைந்துபோகிறது. சார்டினியா தீவின் காஸ்டெல்சார்டோவில் புனித வாரத்தின்போது நான்கு ஆண்கள் சேர்ந்து பாடுகையில், அவர்களுடைய மேல்தொனிகள் ஒன்றுகூடி, ஐந்தாவதாக ஒரு பெண்குரல்போல் ஒலிக்கின்றன. அதை அவர்கள் ‘குயிந்தீனா’ என்று அழைத்து, அன்னை மரியாளின் குரலாகப் போற்றுகிறார்கள். இவை இரண்டும் முதல் விதியைத் தந்தன: மந்திரம் பாடுபவர் எவரிடத்திலும் இல்லை, பாடுபவர்களுக்கு நடுவே தோன்றும் பாடப்படாத குரலில்தான் இருக்கிறது.

அடுத்து அடுக்குகளை எண்களாக எழுதிப் பார்த்தேன். ஆதாரக் குரல் நொடிக்கு 200 அதிர்வு என்றால், அதன் தூய காந்தாரம் 250, பஞ்சமம் 300. இரண்டு வலுவான ஒலிகள் சேரும்போது, அவற்றின் வேறுபாட்டுக்குச் சமமான ஒரு தாழ்ந்த ஒலி காதுக்குள் உருவாகும்; வயலின் மேதை தார்த்தீனி 1714இல் கவனித்தது இதைத்தான். இங்கே 250இலிருந்து 200ஐக் கழித்தாலும், 300இலிருந்து 250ஐக் கழித்தாலும் 50தான் வருகிறது. மூன்று குரல்களும் இரண்டு வழியாக ஒரே அடியொலியை எழுப்புகின்றன என்பதைக் கண்டபோது, என் கதையில் கல்லை அசைக்கும் குரல் இதுவே என்று தீர்மானித்துவிட்டேன்.

ஆர்மோனியத்தில் இந்த ஒற்றுமை குலைந்துவிடுகிறது. சமமாகப் பகுத்த பன்னிரண்டு சுரங்களில் காந்தாரம் ஏறக்குறைய 252இல் நிற்பதால், ஒரு பக்கம் 52, மறுபக்கம் 48 என்று அடியொலி இரண்டாகப் பிளக்கிறது. வீட்டில் ஆர்மோனியத்தின் காந்தாரத்தை அழுத்தியபடி, அதற்குச் சற்றுக் கீழே குரலைச் சேர்த்துப் பார்த்தேன். நொடிக்கு இரண்டு முறை ஒலி வீங்கித் தணிவதைக் காது மட்டுமல்ல, தாடையும் உணர்ந்தது. ஆகவே என் உலகில் கட்டைகளுள்ள வாத்தியம் எதுவும் மந்திரத்துக்கு உதவாது. குரலும், விரலால் சுரத்தை வளைக்க முடிந்த கருவிகளுமே உதவும்.

எல்லாவற்றிலும் என்னை மிகவும் ஆட்கொண்டது சிலப்பதிகாரம் காட்டிய வழி. வேனிற்காதையில் மாதவி யாழைச் சோதிக்கும்போது இணை, கிளை, பகை, நட்பு என்ற நான்கு உறவுகள் வருகின்றன. ஒரு நரம்பிலிருந்து (யாழின் தந்தியிலிருந்து) எண்ணும்போது இரண்டாம் நரம்பு இணை, ஐந்தாவது கிளை, நான்காவது நட்பு, மூன்றும் ஆறும் பகை என்பது உரை வழக்கு. சட்ஜத்திலிருந்து எண்ணினால் மூன்றாவதாக வருவது காந்தாரம்; இன்று நம் செவிக்கு இவ்வளவு இனிக்கும் அது பகையாவது எப்படி? பஞ்சமத்திலிருந்து பஞ்சமமாக ஏறிப் பெறும் காந்தாரம் 250இல் நில்லாமல் 253க்குச் சற்று மேலே போய்விடுகிறது என்ற கணக்கை இதனுடன் சேர்த்துப் பார்த்தேன். இளங்கோவடிகள் கருதியது இதுவே என்று நான் வாதிடவில்லை. கதைக்கு அது போதுமானதாக இருந்தது. ஒரே காந்தாரம் 250இல் நின்றால் பிளந்ததை ஒட்டும், 253இல் நின்றால் ஒட்டியதைப் பிளக்கும். குணப்படுத்துபவரையும் அழிப்பவரையும் பிரிப்பது அந்த மயிரிழைதான்.

மந்திரத்துக்கு விலை என்ன என்ற கேள்விக்கும் அந்த மயிரிழையே விடையளித்தது. பஞ்சமம் வழியாக நான்கு முறை ஏறி, ஸ்தாயிகளை (அதே சுரம் இரட்டிப்பு அதிர்வில் மீண்டும் வரும் இடைவெளிகளை) கழித்துவிட்டு, தூய காந்தாரத்தின் வழியே சட்ஜத்துக்கு இறங்கினால், புறப்பட்ட இடத்துக்கு வந்துசேர முடியாது. 200இல் தொடங்கியவர்கள் 202.5இல் நிற்பார்கள். பாடியவர்களில் எவரும் சுருதி தவறவில்லை, ஒவ்வொரு அடியும் தூய்மையானது, ஆனாலும் ஆதாரம் நகர்ந்துவிட்டது. பழைய ஆதாரத்தின்மீது கட்டிய மந்திரங்கள் ஒவ்வொரு பெரிய மந்திரத்துக்குப் பிறகும் தளரும் என்று விதித்தேன்.

அதனால்தான் கதையின் நாயகர் பாடகர் அல்லர், ஒத்துக்காரர். நாதசுர மேளத்தில் ஒரே சுருதியை இடைவிடாமல் ஊதி நின்ற அந்தக் கலைஞர்களின் இடத்தைப் பெரும்பாலும் சுருதிப்பெட்டி எடுத்துக்கொண்டுவிட்டது. அவர்களுடைய மூச்சுக்கு உரிய மரியாதையைக் கதையிலாவது தர வேண்டும் என்பது என் நெடுநாள் விருப்பம். பாடகர்கள் 202.5இல் நிற்க, அவர் மட்டும் 200ஐப் பிடித்திருக்கிறார். அவர் நகர்ந்தால் ஊரைக் காக்கும் பழைய மந்திரங்கள் அவிழும். நகராவிட்டால் இப்போது பாடும் மந்திரம் கைகூடாது.

இந்தக் கணக்கு எதையும் நாவலில் எண்ணாகத் தரவில்லை. இசை கற்காத நண்பர்களிடம் ஓர் அத்தியாயத்தைப் படிக்கக் கொடுத்தபோது, சுரப் பெயர்கள் வந்த பத்திகளை அவர்கள் வேகமாகத் தாண்டிச் சென்றார்கள். பித்தளைச் செம்பில் நீர் நடுங்கியதும், பல் கூசியதும், மூச்சு முட்டியதும் வந்த இடங்களில் நின்று படித்தார்கள். ஆகவே விதிகள் முழுவதையும் தனிக் குறிப்பேட்டில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு காட்சியையும் எழுதி முடித்தபின் அதனுடன் ஒப்பிட்டுச் சரிபார்க்கிறேன். நட்பு எனப்படும் நான்காம் நரம்புக்கு உரிய மந்திரம் எது என்பது மட்டும் இன்னும் முடிவாகவில்லை. தலைகீழாக வைத்த பஞ்சமமே அது என்பதால், பஞ்சமமாகிய கிளையின் மந்திரத்தைத் திருப்பி அழைத்துக்கொள்ளும் ஆற்றலை அதற்குத் தரலாமா என்று இப்போது எழுதிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.